பயத்துக்கு எந்த உடுப்பு? ரெசிடென்ட் ஈவில் 2-இல் ஆளை மாற்றும் மூன்று வழிகள்

"மாமா, இந்த ஆளின்ரை உடுப்பை மாத்தலாமோ?"

மருமகன் இதைக் கேட்டபோது கேம் தொடங்கிப் பத்து நிமிடம்கூட ஆகவில்லை. மழை இருட்டில் ஒரு பெற்றோல் நிலையம், உள்ளே ஏதோ அசைகிறது, கேமின் நாயகன் லியோன் டோர்ச்சைப் பிடித்தபடி நிற்கிறான். "இப்ப வேண்டாம். ஒருக்கா முடிச்சுப்போட்டு மாத்து" என்றேன். அவன் விடவில்லை. யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்தில் படிக்கிறவன், சனிக்கிழமை பின்னேரங்களில் திருநெல்வேலியில் இருக்கும் எங்கள் வீட்டுக்கு வந்து என் கணினியில் விளையாடுவான். மூன்று சனிக்கிழமை இதையே வாதாடினோம். அந்த வாதத்தைத்தான் இங்கே எழுதுகிறேன்.

வழிகள் மூன்று. கேமை முடித்து, அது தரும் உடையை வாங்கிக்கொள்வது ஒன்று. காசு கொடுத்து உடைப் பொதி வாங்குவது இன்னொன்று. ரசிகர்கள் செய்து இலவசமாகத் தரும் மாற்றுக் கோப்பை, அதாவது மொட், போடுவது மூன்றாவது. விலை, வேலை, இணையம் எல்லாம் பார்க்கத்தான் வேண்டும். ஆனால் பேய் கேமில் நான் முதலில் கேட்பது, மாற்றிய பிறகு பயம் இருக்குமா என்பதைத்தான். பயம் போய்விட்டால் மிச்சம் இருப்பது கதவும் திறப்பும் தேடுகிற வேலை மட்டும்.

அதனால் மாற்றாத உடையைப் பற்றி முதலில் ஒரு சொல். 1998-இல் வந்த ரெசிடென்ட் ஈவில் 2 கேமைத் திரும்பச் செய்து 2019 ஜனவரியில் கப்கொம் நிறுவனம் வெளியிட்ட இந்தப் புதிய வடிவத்தில், லியோன் சாதாரண ஜீன்ஸோடு ரக்கூன் நகரத்துக்கு வருகிறான். அது அவனுடைய முதல் வேலை நாள். பொலிஸ் நிலையத்துக்குள் போன பிறகுதான் சீருடை. பிறகு ஒரு சூடு வாங்கித் தோளில் கட்டோடு நடக்கிறான். வசனமே இல்லாமல், உடை கிழியக் கிழிய அந்த இரவு அவனை என்ன செய்தது என்று நமக்குத் தெரிகிறது. 2008-இல் வந்த டெட் ஸ்பேஸ் என்ற கேம் இதை இன்னும் துணிந்து செய்தது. அதன் நாயகன் ஐசக்கின் முதுகில் ஒளிரும் கோடுதான் அவனுடைய உயிர்க் கணக்கு, திரையின் மூலையில் தனியாக ஒரு பட்டை கிடையாது. அங்கே நாம் பயந்து பயந்து பார்ப்பது அவனுடைய முதுகைத்தான். இப்படி உடையில் எழுதிய கதையை முதல் தடவையிலேயே அழித்துவிட்டு விளையாடுவது, படத்தின் பாதியை மூடிவிட்டுப் பார்ப்பது போல. முதல் தடவை கை வைக்காதீர்கள். இதில் நான் இறங்கி வரமாட்டேன்.

சரி, முடித்தாயிற்று. இப்போது என்ன?

உழைத்து எடுக்கும் உடை

எனக்கு மிகப் பிடித்த வழி இது. காரணம் 1998-இல் வந்த மூல கேம். அதில் தெருவில் கிடக்கும் எந்தப் பொருளையும் எடுக்காமல், தோட்டாவைக்கூடத் தொடாமல், பொலிஸ் நிலையம் வரை ஓடிப் போய்ச் சேர்ந்தால், வாசலுக்குக் கீழே இருக்கும் நடைபாதையில் மற்றவர்களுக்குக் காட்டாத ஒரு பிணம் எழுந்து வரும். அதன் பெயர் பிராட் விக்கர்ஸ். சாதாரணமாகச் சாகாது. அதை விழுத்தினால் ஒரு விசேட திறப்பு கிடைக்கும். அந்தத் திறப்பு, படம் கழுவும் இருட்டறையில் இருக்கும் பெட்டகத்துக்கு. திறந்தால் லியோனுக்கு இரண்டு உடை, கதாநாயகி கிளேருக்கு ஒன்று, அதோடு ஒரு பழைய காலத்து ரிவோல்வர். ஓர் உடுப்புக்கு இவ்வளவு பாடு. இத்தனை பயந்து எடுத்ததை மாட்டிக்கொண்டு நடக்கும்போது அந்த நடையே வேறு.

போரில் மூடிக் கிடந்த ஏ9 பாதை 2002-இல் திறந்த பிறகு கொழும்பிலிருந்து ஊருக்குள் வந்த ஒரு நகல் சிடியில்தான் நான் அதை விளையாடினேன். ஜாம் போத்தல் விளக்கு வெளிச்சத்தில் படித்து வளர்ந்த பிள்ளைகள் நாங்கள். இருட்டு எங்களுக்குப் புதிதில்லை. ஆனால் அந்த நடைபாதையில் மூச்சைப் பிடித்துக்கொண்டு நின்றது இன்றும் நினைவிருக்கிறது.

புதிய வடிவம் அவ்வளவு கஷ்டப்படுத்தாது. கதையை முடித்தவர்களுக்கு லியோனின் பழைய சீருடையும் கிளேரின் பழைய சிவப்பு உடையும் கிடைக்கின்றன. 2019 மார்ச்சில் இன்னொன்றை இலவசமாகக் கொடுத்தார்கள்: 98 லியோன், 98 கிளேர். அந்தக் காலத்துக் கட்டம் கட்டமான முகமும், செதுக்கி முடிக்காத மரப்பொம்மை போன்ற உடம்பும், அப்படியே இன்றைய ஈரமான, மினுங்கும் நடைக்கூடத்துக்குள் வந்து நிற்கின்றன. பயம் குறைகிறதா என்றால், கொஞ்சம் குறைகிறதுதான். ஆனால் அந்த இடத்தில் வேறொன்று வருகிறது. இருபது வருடத்துக்கு முன் செத்துச் செத்து விளையாடிய அதே ஆளை மறுபடி கூட்டிப் போகிற உணர்வு அது. இதைக் காசுக்கு விற்றிருந்தாலும் வாங்கியிருப்பேன்.

செலவு இல்லை, கேம் பழுதாகும் ஆபத்து இல்லை, கணினிக்குக் கூடுதல் சுமையும் இல்லை. குறை என்றால் தேர்வு மிகக் குறைவு. கொடுத்ததைத்தான் போடலாம்.

காசுக்கு வாங்கும் உடை

இதில் நீட்ட ஒன்றும் இல்லை. ரெசிடென்ட் ஈவில் 2-க்கு ஒரு மேலதிகப் பொதி விற்கிறார்கள். ஷெரிப் உடையும் பழைய துப்பறியும் படத்துக் கோட்டும் லியோனுக்கு, இராணுவ உடையும் இன்னும் இரண்டும் கிளேருக்கு. அந்த இரண்டில் ஒன்றுதான் எனக்கு மதிப்பாகத் தெரிகிறது: எல்சா வோக்கரின் பந்தய மோட்டார் சைக்கிள் உடை. மூல கேமை முதலில் செய்தபோது கதாநாயகி கிளேர் இல்லை, எல்சாதான். பாதிக்கு மேல் செய்த அந்த வடிவத்தைத் தூக்கிப் போட்டுவிட்டுத் திரும்பத் தொடங்கியபோதுதான் கிளேர் வந்தாள். வெளியே வராமலே போன ஒரு பெண்ணின் உடையை கிளேர் போட்டுக்கொண்டு நடக்கும்போது, இந்தக் கதையின் பழைய ரசிகனுக்கு மயிர்க்கூச்செறியும். தெரியாதவருக்கு அது இன்னொரு சிவப்பு உடுப்பு, அவ்வளவுதான்.

மற்றபடி, இங்கே இருந்து டொலரில் வாங்குவது என்றால் ஒவ்வொரு தடவையும் ரூபாயில் பெருக்கிப் பார்க்க வேண்டியிருக்கிறது. 2022-இல் ஒரே வருடத்தில் டொலர் 200 ரூபாயிலிருந்து 360 வரை ஏறியதைப் பார்த்தவர்களுக்கு அந்தக் கணக்கு மறக்காது. கனடாவில் இருக்கிற ஆளிடம் சொல்லி ஸ்டீம் என்ற இணையக் கேம் கடையில் பரிசாக அனுப்பச் சொல்லலாம் என்று நினைத்தால், இரண்டு நாட்டு விலைக்கும் பெரிய வித்தியாசம் இருந்தால் ஸ்டீம் அனுப்ப விடாது. தள்ளுபடி வரும்வரை பொறுப்பதே புத்தி.

இதே கேமுக்கு, முடித்தால் கிடைக்கும் வெகுமதிகள் எல்லாவற்றையும் காசுக்குத் திறந்துவிடும் ஒரு பொதியும் உண்டு. அதை வாங்காதீர்கள். பயந்து எடுக்க வேண்டியதைப் பயப்படாமல் எடுத்தால் அதில் ஒன்றுமே இல்லை.

வாங்குமுன் இன்னொன்றையும் பாருங்கள். கமெரா எங்கே இருக்கிறது? 2017-இல் வந்த ரெசிடென்ட் ஈவில் 7 போன்ற கண்பார்வைக் கேமில் நாம் பார்ப்பது இரண்டு கைகளை மட்டும். அடுத்து வந்த வில்லேஜுக்கு 2022-இல் முதுகுக்குப் பின்னாலிருந்து பார்க்கும் வசதி கொடுத்தபோதுகூட, கமெராவை முன்னால் கொண்டுவந்தால் நாயகன் ஈதன் முகத்தைத் திருப்பிக்கொள்கிறான். முகம் தெரியக்கூடாது என்பதை அவ்வளவு பிடிவாதமாகக் காத்தார்கள். எனக்கு அது பிடிக்கும்.

பிடிக்காதது 2024 ஒக்டோபரில் வந்த சைலண்ட் ஹில் 2-இல் நடந்தது. செத்துப்போன மனைவியிடமிருந்து கடிதம் வந்தது என்று தேடிப் போகிற மனிதன் ஜேம்ஸ். முன்கூட்டி வாங்கியவர்களுக்கு அவன் தலையில் மாட்ட நாய் முகமூடி. கூடிய விலைப் பதிப்பு வாங்கியவர்களுக்கு, பிரமிட் தலைப் பேயைப் போல பீட்சாப் பெட்டியில் செய்த முகமூடி. செத்தவீட்டுக்குள் அந்த முகமூடியோடு யாரும் போகமாட்டோம். அந்தக் கதையும் ஒரு செத்தவீடுதான்.

மொட்

மருமகனின் கட்சி இது. அவன் சொல்வதில் நியாயம் நிறைய இருந்தது, அதனால் இதைத்தான் அதிகம் எழுத வேண்டும்.

வேலை எளிது. நெக்ஸஸ் மொட்ஸ் தளத்தில் கோப்பை இறக்க வேண்டும், ஃப்ளஃபி மொட் மானேஜர் என்ற மென்பொருளில் சேர்க்க வேண்டும், பெயருக்குப் பக்கத்தில் சரி அடையாளம் போட வேண்டும். எடுத்துவிட்டால் பழையபடி. கேம் 26 ஜிபி கேட்கிறது, ஓர் உடை மொட் அதில் ஒரு துளி. இரவு 12 மணிக்குப் பிறகு கிடைக்கும் டேட்டாவில் கண்மூடித் திறப்பதற்குள் இறங்கிவிடும். ஒன்றை மட்டும் கவனிக்க வேண்டும். மொட் என்பது ஏற்கெனவே இருக்கிற ஓர் உடையின் இடத்தில் போய் உட்காருகிற உடை. எந்த உடையின் இடத்தில் என்று விளக்கத்தில் எழுதியிருக்கும். அதை வாசிக்காமல் இரண்டு மொட்டை ஒரே இடத்தில் போட்டுவிட்டு, லியோனின் கழுத்து இல்லாமல் தலை மட்டும் மிதந்ததை நானும் பார்த்திருக்கிறேன்.

கேம் புதுப்பிக்கும்போது மொட் பழுதாகும். 2022 ஜூனில் ரெசிடென்ட் ஈவில் 2, 3, 7 மூன்றுக்கும் ரே ட்ரேசிங் என்ற ஒளி வசதியைக் கொடுத்தார்கள். அன்றோடு பழைய மொட்டுகள் வேலை செய்யவில்லை, பழைய கிராபிக்ஸ் காட் வைத்திருந்தவர்களுக்கும் சிக்கல். எதிர்ப்புக் கிளம்பியதும் பழைய வடிவத்தையும் ஸ்டீமில் திருப்பி வைத்தார்கள். கேமின் பண்புகளில் பீட்டா பகுதிக்குப் போய் டிஎக்ஸ்11 என்ற அந்தப் பழைய வடிவத்தைத் தெரிவு செய்யலாம். என்னுடையதைப் போன்ற பழைய கணினி என்றால் அதுதான் சுகம். 2024 ஜனவரியில் ரெசிடென்ட் ஈவில் ரெவலேஷன்ஸ் கேமுக்கு மொட்டைத் தடுக்கும் பூட்டு ஒன்று போட்டு, அது கேமையே குழப்பியதால் திரும்ப எடுத்ததும் நடந்தது. ஆக, மொட் போடுகிறவர் சேமிப்புக் கோப்பைப் பிரதி எடுத்து வைக்க வேண்டும். நாள்முழுக்க விளையாடியது போனால் திரும்பாது.

இணையத்தில் மற்றவர்களோடு ஆடும் கேமில் இந்தப் பேச்சே இல்லை. டெட் பை டேலைட்டில் மோசடித் தடுப்பு மென்பொருள் ஓடிக்கொண்டே இருக்கும், கோப்பைத் தொட்டால் கணக்கே போய்விடலாம். அங்கே ஆடிச் சேர்க்கும் துண்டுகள் என்ற கேம் நாணயத்தில் உடை வாங்கலாம், அல்லது காசு. வேறு கம்பனியின் ஆட்களாக வந்த லியோன் போன்றவர்களுக்கு அநேகமாகக் காசுதான். உடை எந்தச் சக்தியும் தராது என்பார்கள். ஆனால் புதருக்குள் ஒளிகிறவனுக்கு மஞ்சள் சட்டையும் கரும்பச்சைச் சட்டையும் ஒன்றா?

மொட் பட்டியலைத் திறந்தால் இன்னொன்றும் கண்ணில் படும். பெண் பாத்திரங்களின் உடையைக் குறைக்கிற மொட்டுகள் ஏராளம். கிளேர் அண்ணனைத் தேடி வந்த தங்கை. ஒரு சின்னப் பிள்ளையைக் கையில் பிடித்துக்கொண்டு அந்த நரகத்தைக் கடக்கிறாள். அவளை அப்படி நிறுத்தினால் பயமும் போகும், அவள் மீதிருந்த மதிப்பும் போகும். மருமகனிடம் இதை நேராகவே சொன்னேன். "நான் அதுக்கில்லை மாமா" என்றான். உண்மைதான். அவனுக்கு வேண்டியிருந்தது வேறு.

மிஸ்டர் எக்ஸ். பொலிஸ் நிலையத்துக்குள் ஒரு கட்டத்துக்குப் பிறகு தொப்பியும் நீளக் கோட்டுமாக ஒருவன் நம்மைத் தேடி நடக்கத் தொடங்குவான். சாகமாட்டான். மேல்மாடியில் நடந்தால் கீழே நமக்குக் கேட்கும். மருமகன் அந்த இடத்தில் மூன்று தடவை நிறுத்திவிட்டு எழும்பிப் போனான். நான்காம் தடவை, எல்லாருக்கும் தெரிந்த ஒரு மொட் போட்டான்: மிஸ்டர் எக்ஸ் இருந்த இடத்தில் சிறுவர் கார்ட்டூனில் வரும் தோமஸ் ரயில் எஞ்சின். நீல நிறம், சிரித்த முகம், கதவால் குனிந்து வருகிறது. நான் எதிர்த்தேன், அவன் கேட்கவில்லை.

காத்தவராயன் கூத்தில் முன்னுக்கு வரும் காத்தான் ஒருவர், பின்னுக்கு வரும் காத்தான் இன்னொருவர். ஆள் மாறினாலும் சனம் குழம்புவதில்லை. பாட்டும் மெட்டும் அவர் யார் என்று சொல்லிவிடும். எஞ்சின் வந்தபோது எனக்கு அந்த ஞாபகம்தான் வந்தது. ஏனென்றால் மொட் மாற்றியது உருவத்தை மட்டும். காலடிச் சத்தம் தனிக் கோப்பு, அதை அவன் மாற்றவில்லை. நூலகத்துக்குள் லியோன் நிற்கிறான், மேலே டக், டக் என்று அதே நடை. மருமகன் கட்டுப்பாட்டுக் கருவியை இறுக்கிப் பிடித்துக்கொண்டு அசையாமல் இருந்தான். திரையில் சிரித்த முகம் வந்தபோது மூச்சு விட்டான். அது போனதும் மறுபடி காது கூர்மையாகிவிட்டது.

அப்படியே கட்டடம் முழுவதையும் கடந்தான். என் வழியில் நின்றிருந்தால் அவன் அந்தக் கதையை முடித்திருக்கமாட்டான். எதிரியின் முகத்தை மாற்றுகிற மொட்டைப் பற்றி நான் வைத்திருந்த எண்ணத்தை அன்றைக்கு மாற்றிக்கொண்டேன். பயந்தவனுக்கு அது கைப்பிடி. நாயகனின் உடையை மாற்றும் மொட்டை மட்டும் இன்றும் மூன்றாம் தடவைக்குத்தான் சிபாரிசு செய்வேன், அதுவும் அந்த 1998 இரவில் ஒரு மனிதன் போட்டிருக்கக்கூடிய உடுப்பாக இருந்தால்.

போன சனிக்கிழமை கிளேரின் கதையைத் தொடங்கினான். மொட் மானேஜரைத் திறந்து எஞ்சினுக்குப் பக்கத்தில் இருந்த அடையாளத்தை அவனே எடுத்தான். நான் ஒன்றும் சொல்லவில்லை. "சத்தம் தெரியும்தானே மாமா, ஆளையும் பாத்திடுவம்" என்றான். மின்விளக்கை அணைக்கப் போனேன். அதை மட்டும் விடச் சொல்லிவிட்டான்.