பட்டர்வொர்த் - பினாங்கு ஃபெர்ரி: காடிய வீட்டுல விட்டுட்டு போங்க

போன ஞாயித்துக்கெழம அம்மாவ கூட்டிக்கிட்டு சுங்கை பட்டாணியிலேர்ந்து பினாங்கு போனேன், காடி எடுக்கல, பாலத்துல ஜாம்ல நின்னு அப்புறம் லிட்டில் இந்தியாவுல பார்க்கிங் தேடி நாலு சுத்து சுத்துறதெல்லாம் நமக்கு ஒத்துவராது. கொமியூட்டர் ரயில்ல பட்டர்வொர்த் எறங்கி பினாங்கு சென்ட்ரல் பஸ் நிலையம் வழியா நடந்தா ஃபெர்ரி வந்துரும். வயசானவங்களுக்கு கொஞ்சம் தூரந்தான், அம்மா ரெண்டு எடத்துல நின்னு மூச்சு வாங்குனாங்க.

2023 ஆகஸ்ட்ல வந்த புது படகு, மொத்தம் நாலு ஓடுது. காடி ஏத்த மாட்டாங்க, ஆளுங்களும் ரெண்டு சக்கர வண்டியும் மட்டுந்தான். உள்ள ஏர்கோன், சுத்தமா இருக்கு, உக்காந்து ஃபோன எடுத்து நாலு மெசேஜ் பாக்குறதுக்குள்ள பினாங்கு கரை வந்துருது. மோட்டர்காரவங்கள பாக்கணும், ஹெல்மெட்ட கழட்டவே மாட்டாங்க, படகு கரையில முட்டுறதுக்கு முன்னாடியே தயாரா நிக்கிறாங்க. ஒரே கொற, பழைய ஃபெர்ரியில கம்பியில சாஞ்சுக்கிட்டு காத்து வாங்குன சொகம் இதுல வரல, நாங்க உக்காந்த எடத்துல கண்ணாடி வழியாதான் கடல பாத்தோம்.

வெல்ட் கீ படகுத்துறையில எறங்குனா மார்க்கெட் ஸ்ட்ரீட் பத்து நிமிஷ நடைதான். குவீன் ஸ்ட்ரீட் மாரியம்மன் கோயில், பூ, முறுக்கு எல்லாம் முடிச்சோம். வழியில ஒரு கடையில தே ஓ ஐஸ் வாங்குனேன், முக்கா கிளாஸ் ஐஸு, கால் கிளாஸ் தேத்தண்ணி, பேரு வேணாம் விடுங்க.

இப்ப காசு விஷயம். பெரியவங்களுக்கு 2 வெள்ளி, கார்டு தட்டித்தான் உள்ள போனோம், அம்மா கைக்குட்டையில முடிஞ்சு கொண்டாந்த சில்லறைக்கு அங்க வேல இல்ல. அதுகூட பரவால்ல, திரும்பி வர்றப்பதான் கூத்து. பழைய காலத்துல பட்டர்வொர்த்துலேர்ந்து போறப்ப மட்டுந்தான் 1.20 வெள்ளி, வர்றது சும்மா, இப்ப ரெண்டு பக்கமும் கட்டணும். "வீட்டுக்குப் போறதுக்கு என்னாத்துக்குடா காசு?"ன்னு அம்மா கேட்லயே நின்னுட்டாங்க, பின்னாடி சீனப் பாட்டி ஒருத்தவங்க சிரிக்கிறாங்க, நான் கட்டிட்டு ஒரு வழியா உள்ள இழுத்துட்டு போனேன்.

வீட்டுக்கு வந்ததும் கைக்குட்டைய அவுத்து 2 வெள்ளி எண்ணி என் கையில வெச்சாங்க. போனதுக்கு மட்டும்.