எம்ஜிஆர், ரஜினி வேடம் போடுகிறவர்களே, இந்த ஏற்பாட்டாளரிடம் கவனம்

கோலாலம்பூரிலும் பினாங்கிலும் கல்யாணம், கம்பெனி விருந்து என்று வேடம் கட்டி ஆடுகிற எல்லாரும் இதைப் படித்துவிட்டுப் பகிருங்கள். நிகழ்ச்சி ஏற்பாட்டாளர் ஒருவர் என் பாக்கியைத் தராதது மட்டுமில்லை, என் படத்தைக் காட்டியே வேறு ஆளை அனுப்பிச் சம்பாதித்துக்கொண்டிருக்கிறார். வழக்குப் போட்டிருப்பதால் பெயரை இங்கே எழுதவில்லை.

பட்டர்வொர்த்தில் ஒரு அறுபதாம் கல்யாணம், எனக்கு எம்ஜிஆர் வேடம். பேசியது 1,800 ரிங்கிட், முன்பணம் 300 வந்தது, மீதி மேடையை விட்டு இறங்கியதும் என்று வாட்ஸ்அப்பில் எழுதியே கொடுத்தார். சும்மா தொப்பியும் கறுப்புக் கண்ணாடியும் மாட்டிக்கொண்டு கையசைக்கிற வேலை இல்லை இது. 1967இல் எம்.ஆர். ராதா சுட்ட பிறகு எம்ஜிஆரின் குரலே மாறிப்போனது, அதனால் எந்தக் காலத்து எம்ஜிஆரைச் செய்கிறோமோ அந்தக் குரலில்தான் பேச வேண்டும், பழைய ‘வேட்டைக்காரன்’ படத் தோற்றத்தில் வந்து கடைசிக்காலக் குரலில் பேசினால் முன்வரிசையில் இருக்கும் தோட்டத்துத் தாத்தாக்கள் அங்கேயே பிடித்துவிடுவார்கள். டிஎம்எஸ் பாட்டுக்கு வாயசைக்கும்போதும் மூச்சு எடுக்கிற இடம் தப்பக் கூடாது. அன்றைக்கு எல்லாம் நன்றாகவே போனது.

இறங்கியதும் "அண்ணே, காசு போட்டாச்சு" என்று ரசீதின் படம் வந்தது. பெரிய எழுத்தில் 1,500, பக்கத்தில் பச்சை டிக். கீழே பொடி எழுத்தில் மறுநாள் தேதி! நாளைக்குப் போகட்டும் என்று பணத்தைப் பதிந்து, அதைப் படம்பிடித்து அனுப்பிவிட்டு, ராத்திரியே ரத்து செய்துவிடுவது, அவ்வளவுதான் வித்தை. பணம் வரவே இல்லை. கேட்டால் பேங்க்கில் கோளாறு, அப்புறம் வீட்டுக்காரர்கள் இன்னும் தரவில்லை. அவர்களோ முதல் நாளே முழுப் பணத்தையும் கட்டிவிட்டார்களாம்.

இதற்கு மேல்தான் கூத்து. கிள்ளானிலிருந்து ஒரு பெண் போன் செய்து, "ஏன் அங்கிள், நீங்க வர்றதா சொல்லிட்டு யாரையோ அனுப்பிட்டீங்க, அம்மா பிறந்தநாளே பாழாப்போச்சு" என்று திட்டினார். எனக்கு ஒன்றும் புரியவில்லை. அவர் அனுப்பிய போஸ்டரில் என் படம், கூடவே என் பட்டர்வொர்த் வீடியோ. மேடைக்கு வந்தது ஒரு சின்னப் பையன், தொப்பி புருவம் வரை இறங்கியிருக்க, வசனத்தைக் கைபேசியைப் பார்த்துப் படித்திருக்கிறான். பாவம், அவனுக்கும் சம்பளம் வந்திருக்குமா என்பது சந்தேகம்தான்.

அந்தப் பெண் பயனீட்டாளர் நடுவர் மன்றத்துக்குப் போகலாம், 50,000 ரிங்கிட் வரை கேட்கலாம். நம்மைப் போல வேலை செய்துவிட்டுக் கூலிக்கு நிற்பவர்களுக்கு அந்த வழி இல்லை. 5,000 ரிங்கிட்டுக்குள் என்றால் மாஜிஸ்திரேட் நீதிமன்றத்தில் சிறு வழக்கு, படிவம் 198, வக்கீல் தேவையில்லை. நான் அதைத்தான் போட்டிருக்கிறேன், போஸ்டருக்குத் தனியாகப் போலீஸ் ரிப்போர்ட். வாட்ஸ்அப் பேச்சு எதையும் அழிக்காதீர்கள். ரசீதின் படத்தை நம்பாமல் உங்கள் கணக்கைத் திறந்து பாருங்கள், டூயிட்நவ் என்கிற உடனடிப் பணம் அனுப்பும் முறை என்றால் பெரும்பாலும் நின்ற இடத்திலேயே ஏறிவிடும். புதிய ஆள் என்றால் அவருடைய கணக்கு எண்ணைப் மோசடிப் புகார் வந்த கணக்கா என்று காட்டும் போலீஸின் செமாக் மியூல் தளத்தில் போட்டுப் பார்ப்பது நல்லது.

இப்போது அவர் ஈப்போ பக்கம் ரஜினி வேடக்காரர் தேடுவதாகக் கேள்வி. உங்களை யாராவது அப்படிக் கூப்பிட்டால் அந்த எண்ணை எனக்கு இன்பாக்ஸில் அனுப்புங்கள், அவர்தானா என்று பார்த்துச் சொல்கிறேன்.