தவணை ஏறவில்லை என்று நிம்மதியாக இருக்காதீர்கள்: காரைக்குடி வீட்டுக் கடன் ஒன்றின் கணக்கு

காரைக்குடி, தேவகோட்டை, பள்ளத்தூர், புதுவயல் பக்கம் வீட்டுக் கடன் வாங்கியிருப்பவர்களும் வாங்கப் போகிறவர்களும் இதைப் பொறுமையாகப் படியுங்கள். 2041-இல் முடிய வேண்டிய எங்கள் கடனை, ஒரு வீட்டு வசதி நிதி நிறுவனம் எங்களை ஒரு வார்த்தை கேட்காமல் 2048 வரை இழுத்துவிட்டது. மாதத் தவணையில் ஒரு ரூபாய்கூட மாறவில்லை. அதனால்தான் ஒரு வருஷத்துக்கு மேல் விஷயம் வெளியே தெரியவே இல்லை. நிறுவனத்தின் பெயரை நான் எழுதவில்லை. உங்கள் கடன் எங்கே இருந்தாலும் இந்தக் கணக்கைப் போட்டுப் பாருங்கள்.

அவ்வளவு பெரிய வீடு இருக்கும்போது எதற்குக் கடன் என்று வெளியூர் நண்பர்கள் கேட்பார்கள். செட்டிநாட்டு வீட்டின் நிலைமை இங்கே இருப்பவர்களுக்குத் தெரியும். முகப்பும் வளவும் (நடு முற்றமும் அதைச் சுற்றிய பகுதியும்) எல்லாப் பங்காளிகளுக்கும் பொது. எங்கள் புள்ளிக்கென்று, அதாவது எங்கள் குடும்பத்துக்கென்று, இருப்பது ஒரே ஓர் உள் அறை. அந்தப் பங்கை வைத்து எந்த வங்கியும் கடன் தராது. ஒரு தாளில் எல்லோரும் கையெழுத்துப் போடவேண்டும் என்றால் மலேசியாவிலிருந்தும் ஆள் வரவேண்டும். ஆகவே ஊருக்கு வெளியே ஒரு மனை வாங்கி, சின்னதாக ஒரு வீடு கட்டினோம். கடன் 25 லட்சம், 20 வருஷம், மாறும் வட்டி, தொடக்கத்தில் 8.5 சதவீதம்.

கடன் பிடித்துக் கொடுத்த முகவர் வீட்டுக்கே வந்து பேசினார். "எழுபது பைசா வட்டிதாண்ணே. வெளியில ரெண்டு ரூபா வட்டிக்கே யாரும் குடுக்க மாட்டேங்கிறாங்க. மாசம் 21,696. கடைசி வரைக்கும் இதே தவணைதான், மாறவே மாறாது."

எங்கள் ஊரில் வட்டியைப் பைசாவில்தான் பேசுவோம். நூறு ரூபாய்க்கு மாதம் ஒரு ரூபாய் என்றால் வருஷத்துக்கு 12 சதவீதம். அந்தக் கணக்கில் எழுபது பைசா என்றால் யாருக்கும் குறைவாகத்தான் தோன்றும். அப்பச்சி (எங்கள் பக்கம் அப்பாவை அப்படித்தான் சொல்வோம்) வட்டிக்கடையில் கணக்கு எழுதியவர். அவர் ஒன்றே ஒன்று கேட்டார்: "மாசா மாசம் அசல்ல எவ்வளவு கழியும் தம்பி?" அதற்கு முகவர், "அதெல்லாம் சிஸ்டமே பார்த்துக்கும் ஐயா" என்று சொல்லிவிட்டு அடுத்த தாளை நீட்டினார். அந்தக் கேள்விக்குக் கடைசி வரை எழுத்தில் ஒரு பதில் தரவில்லை.

பதில் இதுதான். 25 லட்சத்துக்கு 8.5 சதவீதம் என்றால் முதல் மாத வட்டி மட்டும் 17,708 ரூபாய். நீங்கள் கட்டும் 21,696-இல் அசலுக்குப் போவது 4,000 ரூபாய்கூட இல்லை. ஐந்து வருஷம் ஒழுங்காகக் கட்டினால் மொத்தம் 13 லட்சம் கட்டியிருப்பீர்கள். அசல் 25-லிருந்து 22 லட்சத்துக்குத்தான் இறங்கியிருக்கும். 20 வருஷமும் வட்டி ஏறாமலே இருந்தால்கூட மொத்தம் கட்டுவது 52 லட்சத்துக்கு மேல். வாங்கிய ஒவ்வொரு நூறு ரூபாய்க்கும் 108 ரூபாய் வட்டி. இதில் ஏமாற்று எதுவும் இல்லை, நீண்ட காலக் கடனின் கணக்கே இப்படித்தான். ஆனால் கையெழுத்துக்கு முன்னால் இதை ஒரு தாளில் எழுதிக் காட்டவேண்டியது கடன் கொடுப்பவரின் வேலை. எங்களுக்கு யாரும் காட்டவில்லை.

கட்டும்போதே இரண்டு இடத்தில் பணம் போனது, அதையும் சொல்லிவிடுகிறேன். அடித்தளம், லிண்டல், கூரை கான்கிரீட் என்று கட்டம் கட்டமாகத்தான் கடன் தொகையைத் தருவார்கள். முழுத்தொகையும் வாங்கி முடிக்கும்வரை, வாங்கிய அளவுக்கு வட்டி மட்டும் கட்டவேண்டும். இதற்கு ப்ரீ-இ.எம்.ஐ. என்று பெயர். பத்து லட்சம் வாங்கியிருந்தால் மாதம் 7,083 ரூபாய். இதில் ஒரு பைசாகூட அசலில் கழியாது, 20 வருஷக் கணக்கிலும் சேராது. கொத்தனார் வராத மாதத்துக்கும் இது ஓடும். எங்களுக்கு 2020-இல் ஊரடங்கு வந்து வேலை நின்றபோதும் ஓடியது. தவணை தொடங்கியது 2021 ஏப்ரலில்தான்.

இன்னொன்று காப்பீடு. 25 லட்சத்தில் 85,000 ரூபாயைக் கடன் காப்பீட்டுப் பிரீமியம் என்று பிடித்துக்கொண்டுதான் மீதியைக் கொடுத்தார்கள். "இது கட்டாயம், இல்லேன்னா ஃபைல் பாஸ் ஆகாது" என்றார்கள். கட்டாயம் என்று எந்தச் சட்டமும் இல்லை. அந்த 85,000-க்கும் சேர்த்துத்தான் 20 வருஷம் வட்டி; முடிவில் அதன் விலை 1,77,000 ரூபாய். குடும்பத்துக்கு ஆயுள் காப்பீடு வேண்டும், அதில் எனக்கு மறுபேச்சு இல்லை. தனியாக டேர்ம் பாலிசி எடுத்து வருஷா வருஷம் கட்டினால், பிரீமியத்துக்கு வட்டி கட்டும் நிலை வராது. கடனோடு கட்டிக் கொடுத்த பாலிசி ஏற்கெனவே கையில் இருந்தால், பாலிசி வந்த 30 நாளுக்குள் வேண்டாம் என்று திருப்பிக் கொடுக்க வழி உண்டு.

சரி, முக்கியமான விஷயத்துக்கு வருகிறேன்.

2022 மே மாதத்திலிருந்து 2023 பிப்ரவரிக்குள் ரிசர்வ் வங்கி ரெப்போ வட்டியை (வங்கிகளுக்கு அது கடன் கொடுக்கும் வட்டி) 4 சதவீதத்திலிருந்து 6.5 வரை ஏற்றியது. எங்கள் கடனுக்கு 2023 ஏப்ரலிலிருந்து 8.5 என்பது 10 ஆனது. வந்தது வட்டி மாற்றப்பட்டுள்ளது என்று ஆங்கிலத்தில் ஒரு குறுஞ்செய்தி மட்டும். தவணை அதே 21,696 என்பதால் வீட்டில் யாருக்கும் வித்தியாசம் தெரியவில்லை.

2024 ஜூலையில் வருமான வரிக் கணக்குத் தாக்கல் செய்ய வட்டிச் சான்றிதழை எடுத்தபோதுதான் தெரிந்தது. முந்தைய வருஷம் அசலில் 54,000 ரூபாய் கழிந்திருந்தது. அதற்கு அடுத்த வருஷம் அதைவிடக் கூடத்தானே கழிய வேண்டும்? 21,700 ரூபாய்தான் கழிந்திருந்தது. 2,60,000 ரூபாய் கட்டியதில் மீதி அத்தனையும் வட்டி. உடனே முழுக் கணக்கு அறிக்கை கேட்டேன். சிஸ்டம் டவுன், மேனேஜர் மதுரை போயிருக்கிறார், ஆன்லைனில் வரும் என்று இழுத்தடித்துத்தான் கொடுத்தார்கள். மீதி இருக்க வேண்டியது 201 தவணை. அறிக்கையில் இருந்தது 290. நான் ஓய்வுபெறும் வருஷத்தையும் தாண்டி ஓடுகிறது.

கிளையில் இருந்தவர் சொன்னார்: "உங்க நல்லதுக்குத்தான் சார். தவணை ஏறினா கஷ்டப்படுவீங்கன்னு டென்யூரை நீட்டியிருக்கோம்."

அந்த நல்லது எவ்வளவு என்று அன்று ராத்திரியே கணக்குப் போட்டேன். 2023 ஏப்ரலில் எங்கள் அசல் பாக்கி 23.96 லட்சம். 10 சதவீத வட்டியில், பழைய முடிவுத் தேதி மாறாமல் இருக்கத் தவணையை 23,957 ஆக்கினால் போதும். மாதம் 2,261 ரூபாய் கூடுதல். மீதி 216 மாதத்துக்கும் சேர்த்து 4.88 லட்சம். அவர்கள் செய்தபடி தவணையை அப்படியே விட்டுக் காலத்தை நீட்டினால் கூடுதலாக 89 தவணை, அதாவது 19.3 லட்சம். இரண்டுக்கும் நடுவே 14 லட்சத்துக்கு மேல் வித்தியாசம். இந்த முடிவை யாரோ ஒருவர் எங்களுக்காக எடுத்துவிட்டார். கேட்டிருந்தால் 2,261 ரூபாய்க்கு நாங்கள் வழி பண்ணியிருப்போம். முடியாத குடும்பம் காலத்தை நீட்டிக்கொள்ளட்டும், அது அவர்கள் நிலைமை. ஆனால் தெரிந்து நீட்டவேண்டும்.

இது அவர்கள் இஷ்டத்துக்கு விட்ட விஷயமும் இல்லை. கடன் வாங்கியவரிடம் கேட்காமல் காலத்தை நீட்டுவதாகப் புகார்கள் வந்ததால், 2023 ஆகஸ்ட் 18-ஆம் தேதி ரிசர்வ் வங்கி ஒரு சுற்றறிக்கை போட்டது. வங்கிகளுக்கும் வீட்டு வசதி நிதி நிறுவனங்களுக்கும் அது பொருந்தும். வட்டி மாறும்போது தவணையை ஏற்றுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் கொஞ்சம் கொஞ்சம் செய்வதா என்பதைக் கடன் வாங்கியவர் தேர்ந்தெடுக்கலாம். எப்போது வேண்டுமானாலும் ஒரு பகுதியையோ முழுவதையோ முன்கூட்டிக் கட்டலாம். இதுவரை அசல் எவ்வளவு, வட்டி எவ்வளவு, மீதி எத்தனை தவணை, வட்டி விகிதம் என்ன என்று மூன்று மாதத்துக்கு ஒருமுறை அறிக்கை தரவேண்டும். ஏற்கெனவே கடன் வாங்கியிருந்தவர்களுக்கும் 2023 டிசம்பர் 31-க்குள் இதையெல்லாம் தெரிவித்திருக்க வேண்டும். எங்களுக்கு ஒரு கடிதம்கூட வரவில்லை.

இதைக் குறிப்பிட்டு நிறுவனத்தின் குறைதீர் அலுவலருக்கு எழுத்தில் புகார் கொடுத்தேன். வாயால் பேசியதற்கு எந்தச் சாட்சியும் இல்லை, மின்னஞ்சலில் போடுங்கள். வங்கிக் கடன் என்றால், 30 நாளில் சரியான பதில் வராதபோது ரிசர்வ் வங்கியின் குறைதீர்ப்பாளரிடம் போகலாம். வீட்டு வசதி நிதி நிறுவனம் என்றால் தேசிய வீட்டு வசதி வங்கியிடம் போகவேண்டும். அதற்கு ஆன்லைனில் தனிப் புகார்ப் பக்கம் இருக்கிறது. இந்த வேறுபாடு தெரியாமல் தவறான இடத்தில் புகார் போட்டு மாதக்கணக்கில் காத்திருப்பவர்கள் உண்டு.

புகாருக்கு அப்புறம்தான் இன்னொரு விஷயத்தை வாயைத் திறந்து சொன்னார்கள். புதிதாகக் கடன் வாங்குபவர்களுக்கு அவர்களே 10-க்கும் குறைவாகக் கொடுத்துக்கொண்டிருந்தார்கள். பழைய ஆட்களுக்கும் குறைக்கலாமாம். அதற்கு ஒரு கன்வர்ஷன் கட்டணம் கட்டவேண்டுமாம். நாமாகக் கேட்டால்தான் சொல்வார்கள், கேட்காதவர் பழைய வட்டியையே கட்டிக்கொண்டிருப்பார். எனக்கு மிகவும் வலித்தது இதுதான். ஒழுங்காக, ஒரு தவணை தவறாமல் கட்டுகிறவனுக்குத்தான் இங்கே அதிக வட்டி.

அவர்களிடம் அதற்குமேல் இருக்க மனசில்லை. 2025-இல் ரெப்போ இறங்கத் தொடங்கி ஜூனில் 5.5-க்கு வந்ததும், ஒரு பொதுத்துறை வங்கிக்குக் கடனை மாற்றினோம். வங்கிகளில் 2019 அக்டோபருக்குப் பிறகு கொடுக்கும் மாறும் வட்டி வீட்டுக் கடன்கள் ரெப்போ போன்ற வெளி அளவுகோலோடு கட்டப்பட்டவை. மூன்று மாதத்துக்கு ஒருமுறையாவது வட்டியைத் திருத்தவேண்டும். ஏறினாலும் இறங்கினாலும் நமக்குத் தெரியும். நிதி நிறுவனங்களுக்கு அந்தக் கட்டாயம் இல்லை, அவர்களே வைத்திருக்கும் அடிப்படை வட்டிதான்.

மாற்றும்போது பாக்கி 23.44 லட்சம். நாலேகால் வருஷத்தில் 11 லட்சம் கட்டியதற்குக் கழிந்தது ஒன்றரை லட்சத்துக்குக் கொஞ்சம் மேல். புது வட்டி 8 சதவீதம், தவணை 21,850, முடிவது பழையபடி 2041 மார்ச். முன்பு கட்டியதைவிட 150 ரூபாய்தான் அதிகம், ஏழு வருஷத்துக்கு மேல் திரும்பிக் கிடைத்தது. பரிசீலனைக் கட்டணம், அடமானப் பத்திரம் பதியும் செலவு எல்லாம் உண்டு. அதைக் கழித்துக் கணக்குப் பார்த்துத்தான் மாற்றவேண்டும். பழைய நிறுவனம் கடைசியில் முன்கூட்டி முடிப்பதற்கு அபராதம் என்று ஒரு தொகை கேட்டது. தனிநபர் வாங்கிய மாறும் வட்டி வீட்டுக் கடனுக்கு அந்த அபராதம் கூடாது என்று வங்கிகளுக்கும் இவர்களுக்கும் பல வருஷமாக விதி இருக்கிறது. எழுத்தில் கேட்டவுடன் விட்டுவிட்டார்கள்.

புதிதாக வாங்கப் போகிறவர்களே, 2024 அக்டோபர் 1 முதல் முக்கிய விவர அறிக்கை என்று ஒரு தாள் தரவேண்டும். கட்டணம், காப்பீடு எல்லாம் சேர்த்த உண்மையான வருஷ வட்டியும், மாதவாரி அசல்-வட்டி அட்டவணையும் அதில் இருக்கும். அதை வாங்காமல் கையெழுத்துப் போடாதீர்கள். அட்டவணையில் கடைசித் தவணைத் தேதியைத் தனியாகக் குறித்து வையுங்கள். ஒவ்வொரு ஏப்ரலிலும் புது அறிக்கை வாங்கி அந்தத் தேதி நகர்ந்திருக்கிறதா என்று மட்டும் பாருங்கள். முடிந்தால் தொடக்கத்திலிருந்தே தவணையைக் கொஞ்சம் கூட்டிக் கட்டுங்கள். 25 லட்சத்துக்கு 8.5 சதவீத வட்டியில் மாதம் 2,000 ரூபாய் கூடக் கட்டினால் 240 தவணை 195 ஆகிறது, 5.9 லட்சம் மிச்சம். கூடக் கட்டும் பணத்தை அடுத்த மாதத் தவணைக்கு என்று வரவு வைக்காமல், அசலில் கழிக்கச் சொல்லி எழுதிக் கொடுங்கள்.

கடன் முழுக்க முடிந்தவர்கள் ஒரு வேலையை மறக்க வேண்டாம். மூலப் பத்திரங்களை 30 நாளுக்குள் திருப்பித் தரவேண்டும்; தாமதம் அவர்களால் என்றால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு. 2023 டிசம்பர் 1 முதல் இது விதி. பத்திரம் கைக்கு வந்ததோடு விடாமல், சார்பதிவாளர் அலுவலகத்தில் அடமானத்தை ரத்துசெய்யும் ரசீது ஆவணத்தையும் பதிந்து, வில்லங்கச் சான்று போட்டு அது ஏறியிருக்கிறதா என்று சரிபாருங்கள்.

காப்பீட்டுப் பணத்தில் மீதிக் காலத்துக்கான தொகையைத் திரும்பக் கேட்டு நான் கொடுத்த புகார் இன்னும் நிலுவையில் இருக்கிறது. முடிவு வந்ததும் இங்கேயே எழுதுகிறேன். அதற்குள் யாராவது அப்படித் தொகை திரும்பப் பெற்றிருந்தால், என்னென்ன தாள் கேட்டார்கள் என்று சொல்லுங்கள், எங்களுக்கும் உதவும்.