நெஜா: 1979 படமா, 2019 படமா?

சீனப் புராணச் சிறுவன் நெஜாவை எந்தப் படத்தில் முதலில் பார்ப்பது?

நேரம்: பழையது ஒரு மணி நேரத்தைச் சற்றே தாண்டும்; புதியது இரண்டு மணியை நெருங்கும்.

ஓவியம்: பழையது ஷாங்காய் அனிமேஷன் ஸ்டுடியோவில் கையால் வரைந்தது. புதியது முப்பரிமாணக் கணினி வேலை.

கதை: இங்கேதான் என் மனம் பழையதன் பக்கம் சாய்கிறது. கொட்டும் மழையில், ஊரைக் காக்க, பெற்றோர் தந்த உடலை அவர்களுக்கே திருப்பித் தருவதாகச் சொல்லி வாளால் தன்னை மாய்த்துக்கொள்கிறான் அந்தப் பிள்ளை. பின்பு தாமரையிலிருந்து மறுபிறவி எடுக்கிறான். எத்தனை முறை பார்த்தாலும் தொண்டை அடைக்கிறது. புதியதில் மகனுக்காக உயிரைத் தரத் தந்தையே துணிகிறார். டிராகன் இளவரசன் நண்பனாகிறான்.

சிறு குழந்தைகளோடு பார்க்க 2019 படம். மூலக்கதையின் வலியை அறிய 1979 படம்தான்.