எனெக்கோ: கொடைக்கானலில் ஒரு பெயர்ப்பலகைக் கடை

கொடைக்கானல் பேருந்து நிலையத்திலிருந்து ஐந்து நிமிட நடையில், சாக்லேட்டும் தைலமும் விற்கும் கடைகளுக்குப் பின்னால் உள்ள சந்தில், மரப்பலகையில் பெயர் செதுக்கித் தரும் சிறிய கடை ஒன்று இருக்கிறது. கடைக்கென்று தனிப்பெயர் எதுவும் வைக்கவில்லை. ‘பெயர்ப்பலகை செய்து தரப்படும்’ என்று மட்டும் வாசலில் எழுதித் தொங்கவிட்டிருக்கிறார்கள். என் பேரனுக்காகச் சென்ற மாதம் அங்கே ஒரு பலகை செய்து வாங்கினேன். அதற்கு முன்பு, பெயரின் பொருளையும் பிறப்பையும் அச்சிட்டுச் சட்டமிட்டு அனுப்பும் ஓர் இணையச் சேவையில் பணம் கட்டி ஏமாந்திருந்தேன். இரண்டையும் சேர்த்தே இங்கு எழுதுகிறேன். பேரனின் பெயரைப் பற்றிச் சொல்லாமல் இரண்டையும் விளக்க முடியாது என்பதால் அதையும் எழுதுகிறேன்.

பேரனின் பெயர் எனெக்கோ. என் மகள் ஸ்பெயினில் பில்பாவோ நகரில் வேலை பார்க்கிறாள். மருமகன் அந்த மண்ணின் பாஸ்க் இனத்தவர். பிரனீஸ் மலையின் மேற்குக் கோடியில், ஸ்பெயினிலும் பிரான்சிலுமாகப் பரவி வாழும் அவர்களுடைய மொழி, உலகில் இன்று பேசப்படும் வேறெந்த மொழியோடும் உறவு நிறுவப்படாத தனிமொழி. அந்த மொழியில் ‘எனெ’ என்றால் ‘என்’ அல்லது ‘என்னுடைய’ என்று பொருள். ‘கோ’ என்பது சிறுமையும் செல்லமும் குறிக்கும் பழைய விகுதி. இரண்டும் சேர்ந்து ‘என்னுடைய சின்னவன்’ என்ற பொருளைத் தருகின்றன என்பதே மொழியறிஞர்கள் பொதுவாகச் சொல்லும் விளக்கம். இன்று பல ஊர்களில் ‘என்னுடைய’ என்பதற்கு ‘நிரே’ என்றுதான் சொல்கிறார்களாம். ஆனாலும் திடுக்கிட்டால் நாம் ‘ஐயோ’ என்பதுபோல அவர்கள் வாயில் ‘எனெ!’ என்றுதான் வருகிறது என்று மருமகன் சொன்னார்.

இந்தப் பெயரை வைக்கக் காரணம் இரு வீட்டுப் பெரியவர்களும்தான். நாங்கள் செண்பகனூரில் நான்கு தலைமுறையாக வாழும் கத்தோலிக்கக் குடும்பம். என் தந்தையாரின் பெயர் இன்னாசிமுத்து. சேசு சபையார் 1895ஆம் ஆண்டில் செண்பகனூரில் திரு இருதயக் கல்லூரியைத் தொடங்கிய பிறகு, அந்தச் சபையை நிறுவிய இஞ்ஞாசியாரின் பெயர் எங்கள் பக்கத்தில் வீட்டுக்கு ஒன்றாகப் பெருகிவிட்டது. அங்கே சம்பந்தியின் பெயரும் பதிவேட்டில் இக்னாசியோ என்றுதான் இருக்கிறது. ஸ்பெயினின் சர்வாதிகாரி பிராங்கோவின் அரசு 1938ஆம் ஆண்டில் பிறப்பித்த ஆணையால் பாஸ்க் பெயர்களைப் பிறப்புப் பதிவேட்டில் ஏற்றுவது நின்றுபோயிற்று. 1977ஆம் ஆண்டின் சட்டம் வரும்வரை நிலைமை அப்படியே இருந்தது. ஆகவே அவருக்கு ஏட்டில் ஒரு பெயரும் வீட்டில் இன்யாக்கி என்ற இன்னொரு பெயரும் அமைந்தன. இந்த இரண்டு பெரியவர்களின் பெயருக்கும் ஆதாரமான அந்தப் புனிதருக்கு, 1491ஆம் ஆண்டில் லொயோலா மாளிகையில் பிறந்தபோது இட்ட பெயர் இன்யிகோ. எனெக்கோ என்பதன் ஸ்பானிய வடிவம்தான் அது. சென்னை லயோலா கல்லூரியைத் தெரியாத தமிழர் அரிது. ஆனால் லொயோலாவில் பிறந்த குழந்தையின் பெயர் ‘என் சின்னவன்’ என்று பொருள்படும் ஒரு பெயர் என்பதை எனக்கு என் எழுபதாவது வயதில் மருமகன்தான் சொல்லித் தந்தார்.

மேலே சொன்ன இணையச் சேவை தவறியது இந்த இடத்தில்தான். 799 ரூபாய் கட்டிப் பதினொரு நாள் காத்திருந்த பிறகு வந்த சட்டத்தில், ‘எனெகோ – லத்தீன் பெயர் – நெருப்பு போன்றவன்’ என்று பொன்னிற எழுத்தில் அச்சிட்டு, கீழே அதிர்ஷ்ட எண்ணையும் அதிர்ஷ்ட நிறத்தையும் சேர்த்திருந்தார்கள். பிழை எப்படி நுழைந்தது என்பது தெளிவாகவே தெரிகிறது. லொயோலாவின் இன்யிகோ பாரிஸ் நகரில் படித்த காலத்தில் தம் பெயரை இக்னாசியுஸ் என்று எழுதத் தொடங்கினார். இக்னாசியுஸ் என்பது எக்னாத்தியுஸ் என்ற பழைய ரோமானியக் குடிப்பெயரிலிருந்து வந்தது. லத்தீனில் நெருப்பைக் குறிக்கும் ‘இக்னிஸ்’ என்ற சொல்லோடு ஒலி ஒத்ததால், நெருப்பு என்ற பொருளைப் பின்னாளில் அதன்மேல் ஏற்றினார்கள். ஒரே மனிதர் இரண்டு பெயர்களையும் தாங்கியதால் இரண்டும் ஒரே பெயர் என்று கொண்டு, ஒன்றின் பொருளை மற்றொன்றின் தலையில் வைத்துவிட்டார்கள். நான் இதையெல்லாம் விளக்கி எழுதியபோது, பல இடங்களில் அப்படித்தான் போட்டிருக்கிறது, அச்சான பிறகு மாற்ற இயலாது, பணமும் திரும்ப வராது என்று ஒற்றை வரியில் பதில் வந்தது. பெயரின் பொருளைச் சொல்வதற்கென்றே காசு வாங்குகிறவர்கள் அந்த ஒன்றைச் சரிபார்க்கவில்லை என்பது எனக்கு மிகுந்த வருத்தம் தந்தது. குழந்தை வளர்ந்து அந்தச் சட்டத்தைப் படிப்பான். அவனிடம் நாங்கள் பொய்யைக் கொடுத்ததாகிவிடும். சட்டத்தைச் சுவரில் மாட்டாமலே அலமாரிக்குள் வைத்துவிட்டேன்.

அதன் பிறகுதான் சந்துக்கடைக்குப் போனேன். கடைக்காரர் ஐம்பது வயதுக்காரர். பெயரை ஒரு தாளில் எழுதிக் கொடுத்தேன். உடனே வேலையைத் தொடங்காமல், “இத எப்படிச் சொல்லணும் சார்?” என்று கேட்டார். மகள் அனுப்பியிருந்த குரல் பதிவில் மருமகன் மகனைப் பெயர் சொல்லிக் கூப்பிடுவதைப் போட்டுக் காட்டினேன். அவர் மூன்று முறை காதருகே வைத்துக் கேட்டுவிட்டு, இழைத்த பலகைத் துண்டு ஒன்றில் பென்சிலால் எனெகோ, எனேகோ, எனெக்கோ என்று ஒன்றன்கீழ் ஒன்றாக எழுதி என் பக்கம் திருப்பினார். நான் வீட்டில் எழுதிவந்தது முதலாவது. அதைச் சுட்டி, இப்படி எழுதினால் வாசலில் வந்து நிற்பவர் ‘அகம்’ என்பதில் வரும் ககரம்போல மெலிதாகத்தான் படிப்பார், பதிவில் கேட்டது ‘பக்கம்’ என்பதில் வரும் வல்லோசை, ஆகவே க் போட்டால்தான் குழந்தை பெயர் குழந்தை பெயராக இருக்கும் என்றார். முப்பத்திரண்டு ஆண்டுகள் பள்ளியில் தமிழ் கற்பித்தவன் நான். என் பேரன் பெயரில் நான் விட்ட ஒற்றைச் சுட்டிக்காட்டி எழுதச் சொன்னவர் அவர். அன்றிலிருந்து நாங்களும் எனெக்கோ என்றே எழுதுகிறோம்.

கூலியை எழுத்துக் கணக்கில் வாங்குகிறார். தமிழெழுத்தை எண்ணும் முறையில் கடைக்குக் கடை வேறுபாடு உண்டு. கொம்பையும் காலையும் தனித்தனி எழுத்தாக எண்ணிக் காசு கேட்பவர்களை வத்தலக்குண்டிலும் திண்டுக்கல்லிலும் பார்த்திருக்கிறேன். இவர் இலக்கணப்படி எண்ணுகிறார்: எ, னெ, க், கோ என நான்கு. கீழே ரோமன் எழுத்திலும் பெயர் வேண்டும் என்றபோது அதை ஐந்து என்று கணக்கிட்டார். பாஸ்க் மொழியின் எழுத்துமுறையில் ககர ஒலிக்கு ஒரே எழுத்துதான் என்பதால் அதில் குழப்பம் எழவில்லை.

அடுத்தது பொருள் வரி. பெயருக்கு அடியில் தமிழில் பொருளையும் சிறிய எழுத்தில் வெட்டித் தருவது இந்தக் கடையின் வழக்கம்; அதற்குத் தனிக் கூலி இல்லை. ‘என் சின்னஞ்சிறுவன்’ என்று எழுதிக் கொடுத்தேன். அவர் அதைப் படித்துப் பார்த்து, பாடப்புத்தகம்போல இருக்கிறது என்றார். ‘என் செல்வன்’ என்று மாற்றினேன். அது கல்யாணப் பத்திரிகையில் வருவது, சின்னவன் என்ற பொருளும் அதில் இல்லை என்று நானே அடித்துவிட்டேன். ‘என் கண்ணே’ என்றால் யாரையும் குறிக்கும். கடைசியில் அவரே, “உங்க வீட்ல சின்னப் பையன எப்படிக் கூப்பிடுவீங்க?” என்று கேட்டார். என் மனைவி காணொளியில் பேரனைப் பார்த்த நாள் முதலாக ‘எங்குட்டி’ என்றுதான் கூப்பிடுகிறாள். அதைச் சொன்னதும் இருவரும் ஒரு கணம் பேசாமல் இருந்தோம். முதலில் ‘என்’, பிறகு செல்லமான சிறுமை: பாஸ்க் பெயரின் கட்டுமானம் துண்டுக்குத் துண்டு அதில் இருந்தது. ‘என் குட்டி’ என்றே வெட்டச் சொன்னேன்.

‘எனெ’ என்பதும் ‘என்’ என்பதும் ஒன்றுபோல இருக்கின்றனவே, அவர்களும் நம்மவர்களோ என்று அவர் ஆவலோடு கேட்டார். அப்படி எழுதுகிறவர்களும் இருக்கிறார்கள். ஆனால் ஓரிரு சொற்கள் ஒலியில் ஒத்திருப்பதை வைத்து மொழிகளுக்கு உறவு சொல்ல முடியாது என்பதால் அதை நான் ஏற்கவில்லை, பலகையிலும் எழுதவில்லை. பெயரின் பழமையைச் சொன்னேன். அதற்கு இட்டுக்கட்டு தேவையில்லை. எனெக்கோ அரிஸ்தா என்பவர் 9ஆம் நூற்றாண்டில் பிரனீஸ் மலைப்பகுதியில் இருந்த பம்ப்லோனா அரசின் முதல் மன்னராக இருந்தவர். அதற்கும் முன்பு கி.மு. 89ஆம் ஆண்டில், ரோமானியத் தளபதி பொம்பேயுஸ் ஸ்திராபோ தம் படையில் போரிட்ட 30 குதிரைவீரர்களுக்குக் குடியுரிமை வழங்கியதை வெண்கலத் தகட்டில் பெயர்பெயராகப் பொறித்தார்கள். ஸ்பெயினின் எப்ரோ ஆற்றுப் பகுதியிலிருந்து போன அந்த வீரர்களில் ஒருவனுடைய தந்தையின் பெயர் ‘என்னெகெஸ்’ என்று அதில் இருக்கிறது. அதை எனெக்கோவின் முன்வடிவமாகக் கருதும் அறிஞர்கள் உண்டு. தகடு இன்றும் ரோம் நகரின் கபிதோலினோ அருங்காட்சியகத்தில் இருக்கிறது. இதைக் கேட்டதும் அவர் உளியைக் கீழே வைத்துவிட்டு, அந்தத் தகட்டின் படம் கிடைக்குமா என்று கேட்டார். வெண்கலத்தில் வெட்டியவன் எழுத்துக்கு இடையில் எவ்வளவு இடம் விட்டிருக்கிறான் என்று பார்க்க வேண்டுமாம்.

பக்கத்தில் நாயுடுபுரத்தில் புதிதாகக் கட்டிய வீட்டுக்கு ‘சேவியர் இல்லம்’ என்று ஒரு பலகை காய்ந்துகொண்டிருந்தது. அந்தப் பெயரும் பாஸ்க் மொழியிலிருந்து வந்ததுதான் என்று சொன்னேன். ‘எச்சே’ என்றால் வீடு, ‘பெர்ரி’ என்றால் புதியது. அந்தப் ‘புதுவீடு’ ஓர் ஊரின் பெயராகி, அந்த ஊர்க் கோட்டையில் 1506ஆம் ஆண்டில் பிறந்த பிரான்சிஸ் வழியாகச் சவேரியார் என்றும் சேவியர் என்றும் நம்மிடம் வந்து சேர்ந்தது. முத்துக்குளித்துறையில் பரதவர் நடுவே வேலை செய்த அவர் 1544ஆம் ஆண்டில் எழுதிய கடிதத்தில், மக்களின் மொழி மலபார் மொழி, தம்முடைய மொழி விஸ்காய மொழி என்று குறிப்பிடுகிறார். மலபார் மொழி என்று அவர் சொன்னது தமிழை; விஸ்காய மொழி என்றது பாஸ்க்கை. இந்த இரண்டு மொழிகளும் ஒரு வீட்டுக்குள் சந்திப்பது எங்களோடு தொடங்கவில்லை என்று நினைத்துக்கொள்ள எனக்குப் பிடித்திருந்தது.

வேலைப்பாட்டைப் பற்றிச் சொல்கிறேன். பலகை தேக்கு, ஒன்றரை அடி நீளம், ஏழு அங்குல அகலம். எழுத்தின் வெளிக்கோட்டை இயந்திரத்தால் எடுத்துவிட்டு, உட்புறத்தையும் விளிம்பையும் உளியால் முடிக்கிறார். கொம்பின் சுழி உள்ளே போகப் போக ஆழம் குறைந்து மேலெழுகிறது. இயந்திரம் மட்டும் வெட்டிய பலகைகளில் சுழி முழுவதும் ஒரே ஆழத்தில் தட்டையாக இருக்கும். க் மேல் உள்ள புள்ளியைத் துளைப்பான் கொண்டு ஆழமாக இறக்கி வெள்ளை எனாமல் நிரப்பியிருக்கிறார். விரலால் தடவினால் புள்ளி மட்டும் வழவழப்பாகத் தனித்துத் தெரிகிறது.

குறைகளும் உண்டு. நான்கு நாளில் தருவதாகச் சொன்ன பலகை ஒன்பதாம் நாள்தான் கிடைத்தது. பனிமூட்டத்தில் வார்னிஷ் காயவில்லை என்றார்; காரணம் உண்மையாக இருக்கலாம், ஆனால் இந்த ஊரில் ஐப்பசியில் பனிமூட்டம் இருக்கும் என்பது அவருக்குத் தெரியாததில்லை, முதலிலேயே பத்து நாள் என்று சொல்லியிருக்கலாம். ‘என் குட்டி’ என்ற வரி மெல்லியதாக வந்துவிட்டதால் நான்கடி தள்ளி நின்றால் படிக்க முடியவில்லை. வெளியூர் கொண்டுபோகிறவர்களுக்கேற்ற அட்டைப்பெட்டி இல்லை. செய்தித்தாளில் சுற்றிச் சணலால் கட்டித் தருகிறார். சுவரில் மாட்டும் கொக்கிகளையும் நாமே வாங்கிக்கொள்ள வேண்டும். மொத்தம் 1,850 ரூபாய் ஆயிற்று. தேக்குக்கும் கைவேலைக்கும் இது நியாயமான விலை என்றே கருதுகிறேன்.

பலகை இப்போது செண்பகனூர் வீட்டு முன்னறையில், என் தந்தையாரின் படத்துக்குக் கீழே மாட்டியிருக்கிறது. பில்பாவோ வீட்டுக்கு இதேபோல் ஒன்று வேண்டும் என்று மகள் கேட்டதால் இரண்டாவது பலகைக்கு முன்பணம் கொடுத்திருக்கிறேன். இந்த முறை பொருள் வரியை இரண்டு நூல் கனமாக வெட்டச் சொல்லியிருக்கிறேன். கடை காலை பத்து மணிக்குத் திறக்கிறது, ஞாயிற்றுக்கிழமை முற்பகல் பூட்டியிருக்கும். வேற்றுமொழிப் பெயராக இருந்தால் வீட்டார் அதைச் சொல்லும் குரலைப் பதிவு செய்து எடுத்துக்கொண்டு போங்கள். கேட்ட பிறகுதான் அவர் பென்சிலைக் கையில் எடுப்பார்.