மார்க் சம்மர்ஃபீல்டின் ‘அட்வான்ஸ்டு க்யூட்டி புரோகிராமிங்’: இன்றும் வாங்கிப் படிக்கலாமா?

ஜெனரல் பேட்டர்ஸ் சாலையில் வாகன உதிரி பாகங்களை மொத்த விலைக்கு விற்கும் ஒரு கடைக்கு நான் எழுதிக் கொடுத்த சரக்கிருப்பு மென்பொருள், பட்டியலில் 6,000 பொருள்கள் இருந்தவரை ஒழுங்காகவே ஓடியது. பட்டியல் 60,000-ஐத் தாண்டியபின், கல்லாவில் இருப்பவர் பொருளின் பெயரில் மூன்று எழுத்தைத் தட்டிவிட்டு, திரை அசையும்வரை வாடிக்கையாளரின் முகத்தைப் பார்த்துக்கொண்டிருக்க வேண்டியதாயிற்று. இணையத்தில் கிடைத்த துண்டு நிரல்களைக் கொண்டு ஒட்டுப்போட்டுப் பார்த்தேன். ஒரு ஓட்டையை அடைத்தால் பக்கத்தில் இன்னொன்று திறந்தது. இந்த நிலையில்தான், திருவல்லிக்கேணி பாரதி சாலையில் ஒரு பழைய புத்தகக் கடையில், அட்டை சற்றே மடங்கிய நிலையில் இந்நூல் 300 ரூபாய்க்குக் கிடைத்தது.

2010-இல் பிரென்டிஸ் ஹால் வெளியிட்ட நூல் இது. சாளரம், பொத்தான் போன்றவற்றை ஆயத்தமாகத் தரும் நிரல் தொகுப்பான க்யூட்டியின் 4-ஆம் பதிப்பைக் கொண்டு, சி++ மொழியில் டெஸ்க்டாப் செயலிகளை எழுதுவோருக்கானது. (தயாரித்தவர்கள் க்யூட்டியை ‘க்யூட்’ என்றே உச்சரிக்கச் சொல்கிறார்கள், சென்னையில் அப்படிச் சொல்லி நான் இதுவரை கேட்டதில்லை.) இதன் ஆசிரியர், க்யூட்டியை உருவாக்கிய நார்வே நிறுவனமான ட்ரோல்டெக்கில் ஆவணப் பிரிவுக்குப் பொறுப்பாளராக இருந்தவர். ஒரு கிளாஸ் (நிரலின் கட்டுமான அலகு) எப்படி இயங்குகிறது என்பதோடு நிற்காமல், அது ஏன் அவ்வாறு வடிவமைக்கப்பட்டது என்பதையும் அவர் சொல்லிச் செல்லும்போது அந்த அனுபவம் தெரிகிறது. சாளரம், பொத்தான், சிக்னல் (ஒன்று நடந்ததைச் சொல்லும் அறிவிப்பு), ஸ்லாட் (அந்த அறிவிப்பைக் கேட்டு இயங்கும் ஃபங்ஷன்) ஆகியவற்றை ஏற்கெனவே அறிந்தவர்களுக்கே இது பயன்படும். அடிப்படையை இதில் தேடுபவர் முதல் 20 பக்கங்களிலேயே திணறிவிடுவார்.

நூலின் உயிர்நாடி 3 முதல் 6 வரையிலான அத்தியாயங்களில் இருக்கிறது. தரவைத் தாங்கும் மாடல், அதைக் காட்டும் வியூ, ஒவ்வொரு கட்டத்தையும் வரையவும் திருத்தவும் உதவும் டெலிகேட் ஆகிய மூன்றையும் அவை விரிவாக எடுத்துக்கொள்கின்றன. என் மென்பொருளின் நோய் எங்கே என்பது இங்கேதான் எனக்குப் புரிந்தது. எளிது என்று நான் தேர்ந்தெடுத்திருந்த ஆயத்த டேபிள் விட்ஜெட்டில் (திரையில் அட்டவணை காட்டும் உறுப்பு) ஒவ்வொரு கட்டத்துக்கும் தனித்தனியாக ஒரு ஐட்டத்தை உருவாக்கி வைக்க வேண்டும். 60,000 வரிகள், 8 நெடுவரிசைகள் என்றால் 4,80,000 ஐட்டங்கள். நாமே எழுதும் மாடலில் அந்தச் சுமை இல்லை. திரையில் 30 வரிகள் மட்டுமே தெரிகின்றன என்றால், வியூ அந்த 240 கட்டங்களுக்கான விவரத்தை மட்டுமே மாடலிடம் கேட்கும். மீதி உள்ளவை நம் பட்டியலில் கிடந்தபடி கிடக்கும்.

இதை ஆசிரியர் அமெரிக்க அஞ்சல் குறியீட்டு அட்டவணை ஒன்றை வைத்து விளக்குகிறார்: முதலில் க்யூட்டி தரும் ஆயத்த மாடல், அடுத்து அதே வேலையைச் செய்யும் சொந்த மாடல். இரண்டையும் அடுத்தடுத்து வைத்துப் படிக்கும்போது, எந்த அளவுக்கு மேல் சொந்த மாடல் எழுதும் உழைப்பு பலன் தரும் என்பதை நாமே கணித்துக்கொள்ள முடிகிறது. ஆனால் சொந்த மாடலில், வியூவுக்கு விவரம் தரும் ஃபங்ஷனுக்குள் தரவுத்தளத்தைத் தொட்டுவிடக் கூடாது. எழுத்து, எழுத்துரு, நிறம், இட வல ஒழுங்கு என ஒரே கட்டத்துக்காக வியூ அதைப் பலமுறை அழைக்கும். ஒவ்வொரு அழைப்பிலும் ஒரு வினவல் ஓடினால் பழைய தாமதம் வேறு வழியாகத் திரும்பி வரும். நான் முதலில் செய்தது அதைத்தான். வரி சேர்க்கும் முன்னும் பின்னும் மாடல் அறிவிப்புத் தர வேண்டும் என்ற விதியையும், ஒருமுறை அதை மீறி, தவறான பொருளுக்கு ரசீது போட்ட பிறகே மதிக்கத் தொடங்கினேன். மர வடிவ மாடலை விளக்கும் 4-ஆம் அத்தியாயம் கடினமானது. ஒரு முனையின் பிள்ளையைச் சொல்வதும் பிள்ளையின் பெற்றோரைச் சொல்வதும் ஒன்றோடொன்று பிசகாமல் ஒத்துப்போக வேண்டும் என்பதை மூன்றாம் வாசிப்பில்தான் பிடித்துக்கொண்டேன்.

த்ரெட் (ஒரு செயலிக்குள் மற்ற வேலைகளோடு சேர்ந்து தனியே ஓடும் வேலைத் தொடர்) பற்றிய இரண்டு அத்தியாயங்களும் நன்று. திரையில் உள்ள எதையும் பிரதான த்ரெட் மட்டுமே தொட வேண்டும் என்ற விதியை அறிந்திருப்பது ஒன்று, அதற்கேற்ப வேலையைப் பிரித்து, விடையை சிக்னல் வழியாகத் திருப்பி அனுப்பும்படி ஒரு செயலியை அமைப்பது வேறு. இரண்டாவதை இந்நூல் பழக்குகிறது. ஆனால் த்ரெட்டை நிறுத்தச் சொல்லும் கொடிக்கு ‘வாலடைல்’ என்று அறிவித்த ஒரு பூலியனை (ஆம், இல்லை என்ற இரண்டே மதிப்புகளைத் தாங்கும் மாறி) வைக்கும் அந்தக் காலத்துப் பழக்கத்தை இன்று தொடரக் கூடாது. சி++ மொழியின் 2011 பதிப்பான சி++11-இல் வந்த, பல த்ரெட்கள் ஒரே நேரத்தில் தொட்டாலும் பிசகாத ‘அட்டாமிக்’ வகையே அதற்கு உரியது.

மற்றவற்றில் காலம் புகுந்துவிட்டது. இணையப் பக்கங்களைக் காட்டும் முதல் அத்தியாயம், அவற்றைத் திரையில் வரையும் பொறியான வெப்கிட்டை நம்பியிருக்கிறது. 2016-இல் வந்த க்யூட்டி 5.6-இலிருந்து அது நீக்கப்பட்டுவிட்டது. இரண்டாம் அத்தியாயத்தின் ஒலி, ஒளிப் பகுதிக்கு ஆதாரமான ஃபோனானும் க்யூட்டி 5-இல் இல்லை. இரண்டையும் தயங்காமல் புரட்டித் தள்ளிவிடலாம். மற்ற அத்தியாயங்களின் நிரலைப் புதிய பதிப்புக்குக் கொண்டுவருவது அவ்வளவு கடினமில்லை. க்யூட்டி 5-இல் விட்ஜெட்டுகள் தனி மாட்யூலாகப் பிரிந்ததால் புராஜெக்ட் கோப்பில் ஒரு வரி சேர்க்க வேண்டும். சில ஃபங்ஷன்களின் பெயர் மாறியிருக்கிறது. பழைய சிக்னல், ஸ்லாட் எழுதுமுறை க்யூட்டி 6-இலும் ஓடுகிறது என்றாலும், புதிய முறையில் எழுதினால் பெயர்ப் பிழைகளை, நிரலை இயங்கும் வடிவுக்கு மாற்றும் கம்பைலரே காட்டிக்கொடுக்கும்.

தமிழில் பொருள் பெயர்களைத் தேடுவதற்கு நானே வழி கண்டுபிடிக்க வேண்டியிருந்தது. ‘தமிழ்’ என்பது நமக்கு மூன்று எழுத்து. உயிர்க்குறியையும் புள்ளியையும் தனித்தனியாக எண்ணும் க்யூட்டியின் சரத்துக்கு (எழுத்துத் தொடரைத் தாங்கும் வகை) அதன் நீளம் 5. முதல் நான்கை மட்டும் வெட்டிக் காட்டினால் கடைசி எழுத்தின் புள்ளி காணாமல் போகும். அதனால் தேடலையும் சுருக்கிக் காட்டுவதையும் எழுத்தின் எல்லை பார்த்தே செய்ய வேண்டும்.

நிரல் முழுவதும் அச்சில் இல்லை, முக்கியமான பகுதிகளே தரப்பட்டுள்ளன. ஆகவே இது பேருந்தில் படிக்கும் புத்தகமன்று. ஞாயிறுதோறும் கோட்டூர்புரம் அண்ணா நூற்றாண்டு நூலகத்தில், சொந்த நூல் படிக்கும் பகுதியில் அமர்ந்து ஒரு பகுதியைக் காகிதத்தில் வரைந்து புரிந்துகொள்வேன். இரவில் வீட்டில் அதைத் தட்டி ஓட்டிப் பார்ப்பேன். நான்கு அத்தியாயங்களுக்கு நான்கு மாதமானது. புதுப் பிரதியின் முழு விலையை இதற்குக் கொடுக்கச் சொல்ல மாட்டேன். பழைய பிரதி கிடைத்தால் விடவும் வேண்டாம். பைத்தான் மொழியில் க்யூட்டி எழுதுவோரும், சி++ நிரலை வாசிக்கத் தெரிந்தால், இந்தப் பகுதிகளைப் பயன்படுத்தலாம். கிளாஸ்களின் பெயர்கள் பெரும்பாலும் அவையே.

என் பிரதியில் நடுப்பக்கங்கள் தையல் விட்டுவிட்டதால், போன மாதம் பைண்டிங்கிற்குக் கொடுத்தேன். முதல் இரண்டு அத்தியாயங்கள் மட்டும் இன்னும் கடையில் வாங்கிய நாளில் இருந்ததுபோலவே மொடமொடவென்று இருக்கின்றன.