சுங்குடி முடிச்சா, மானாமதுரை மண்ணா?

மதுரைக்கு வருபவர்கள் கைவேலை பழக ஒரு நாள்தான் இருக்கிறது என்றால், நான் சுங்குடியைத்தான் சொல்வேன். 2005-இல் புவிசார் குறியீடு பெற்ற துணி இது. சௌராஷ்டிரப் பெண்கள் துணியை நகநுனியால் கிள்ளி, நூலைச் சுற்றி இறுக்குவதைப் பக்கத்தில் உட்கார்ந்து பார்க்க வேண்டும். பத்து முடிச்சு போடுவதற்குள் நமக்கு விரல் வலிக்கும். ஒரு சேலைக்கோ ஆயிரக்கணக்கில் வேண்டும். சாயத்தில் முக்கிக் காயவைத்து நூலை உருவினால், கட்டிய இடமெல்லாம் வெள்ளைப் புள்ளி! கட்டிய கைக்குட்டையைக் கையோடு எடுத்துப் போகலாம்.

மண்பாண்டம் வனையப் பழக வேண்டும் என்றால், மதுரையிலிருந்து மானாமதுரைக்குச் சுமார் 50 கிலோமீட்டர் போக வேண்டும். வனைந்தது காய்ந்து சூளையேறவே நாட்கள் ஆகும். சரி, குழந்தைகளோடு வந்தால் மட்டும் யோசிக்காமல் அங்கே போங்கள். கடம் என்ற மண் தாளவாத்தியத்தைத் தட்டித் தட்டிச் சுவரைச் சமன்செய்யும் அந்தச் சத்தத்தை அவர்கள் மறக்கவே மாட்டார்கள்.